ராப்பைக் காதால் படிப்பதும் அதன் தாளத்தில் எழுதுவதும்: முழுமையான வழிகாட்டி

ஹிப்-ஹாப் தாக்கம் என்று சொல்லிக்கொள்ளும் கவிதைகள் பலவற்றில் இரண்டு விஷயங்கள்தான் தென்படும்: கொஞ்சம் கோபம், கொஞ்சம் கொச்சை. ராப் அமெரிக்க இலக்கியத்துக்குக் கொடுத்தது இதைவிட நுட்பமான ஒன்று. வரி எவ்வளவு நீளம் போகலாம், சத்தம் எங்கே மோத வேண்டும், மூச்சு எங்கே விட வேண்டும் என்பதையெல்லாம் டிரம் அடியை வைத்து முடிவு செய்யும் கணக்கு அது. அந்தக் கணக்கு காதில் ஏறாமல் ஸ்லாம் கவிதையையோ (மேடைப் போட்டிக்காக எழுதும் கவிதை) கவிதை நடை நாவலையோ படித்தால் பாதிதான் கிடைக்கும். அதனால் முதலில் கேட்பது, பிறகு குறித்துவைப்பது, பிறகு படிப்பது, கடைசியில் எழுதுவது. இந்த வரிசையை மாற்ற வேண்டாம்.

தேவைப்படுபவை: காதை மூடும் ஹெட்போன் (போன் ஸ்பீக்கரில் கிக் டிரம்மின் அடி சரியாக விழாது), ஒரு மெட்ரோனோம் ஆப் (தாளத்தைச் சீராக அடித்துக் காட்டுவது), கட்டம் போட்ட கணக்கு நோட்டு, நான்கு நிறப் பேனா, போனில் குரல் பதிவு. பாடத் தெரிய வேண்டியதில்லை.

எங்கிருந்து வந்தது

1973 ஆகஸ்ட் 11. நியூயார்க்கின் பிராங்க்ஸ் பகுதியில், 1520 செட்ஜ்விக் அவென்யூ குடியிருப்பின் பொது அறை. பள்ளி திறப்பதற்குள் புதுத் துணி வாங்கக் காசு சேர்க்க சிண்டி கேம்ப்பெல் என்ற பெண் ஒரு பார்ட்டி நடத்தினார். ரெக்கார்டு போட்டவர் அவருடைய அண்ணன் கிளைவ், ஊர் அறிந்த பெயரில் டிஜே கூல் ஹெர்க். ஜமைக்காவின் கிங்ஸ்டனில் பிறந்தவர். பாட்டில் குரலும் மற்ற வாத்தியங்களும் அடங்கி டிரம் மட்டும் ஒலிக்கும் சில நொடிகளுக்குத்தான் ஆடுபவர்கள் காத்திருக்கிறார்கள் என்பதை அவர் கவனித்துவைத்திருந்தார். அந்தத் துண்டுக்குப் பெயர் பிரேக். ஒரே ரெக்கார்டின் இரண்டு பிரதிகளை இரண்டு டர்ன்டேபிளில் வைத்து, ஒன்றில் பிரேக் முடியும்போது மற்றதில் அதைத் தொடங்கினால், சில நொடி பல நிமிடமாக நீளும். கிராண்ட்மாஸ்டர் ஃபிளாஷ் இதைத் துல்லியமாக்கினார். பிரேக் தொடங்கும் இடத்தை ரெக்கார்டின் மேலேயே கிரேயானால் கோடிட்டு வைத்துக்கொண்டார்.

இலக்கியத்துக்கு வேண்டிய விதை இதற்குள்ளேயே இருக்கிறது. சுற்றிச் சுற்றி வரும் அடி, அதன் மேல் மைக்கில் பேசும் எம்சி, பிறர் படைப்பிலிருந்து வெட்டி எடுத்த துண்டில் (இதுதான் சாம்பிள்) கட்டும் புதுப் படைப்பு. கவிதைப் பக்கம் பார்த்தால், 1968-லேயே ஹார்லெமில் தி லாஸ்ட் போயட்ஸ் குழு டிரம்மோடு கவிதை சொல்லத் தொடங்கிவிட்டது. ராப் கவிதையிடம் கடன் வாங்கி, பிறகு வட்டியோடு திருப்பிக் கொடுத்தது என்றுகூடச் சொல்லலாம்.

முதல் படி: பார் எண்ணுவது

ராப்பின் அளவுகோல் பார். ஒரு பாரில் நான்கு அடி. ஒன்றாம் அடியிலும் பெரும்பாலும் மூன்றாம் அடியை ஒட்டியும் கிக் டிரம்மின் கனத்த சத்தம். இரண்டிலும் நான்கிலும் ஸ்னேர் டிரம்மின் சுள்ளென்ற சத்தம். கை தட்ட வேண்டியது ஸ்னேரோடு. நம்மூர்க் காது ஒன்றில் தட்டத்தான் ஓடும். அதை அடக்கி, இரண்டிலும் நான்கிலும் தட்டப் பழகுங்கள். இறுதி இயைபு (வரிக் கடைசியில் ஒலி ஒத்துப்போவது) பெரும்பாலும் நான்காம் அடியில் வந்து விழுவதால் இந்தப் பழக்கம் பின்னால் கைகொடுக்கும்.

ஒவ்வொரு அடியையும் நான்காகப் பிரித்தால் பாரில் 16 இடம். 'தகதிமி' என்று நான்கு தடவை சொன்னால் ஒரு பார் முடிந்தது. ஆதி தாளத்தின் ஓர் ஆவர்த்தனத்தில் இரண்டு பார் அடங்கும். நிமிடத்துக்கு 90 அடி என்ற வேகத்தில் ஒரு பார் சுமார் 2.7 நொடி, ஓர் இடம் ஆறில் ஒரு பங்கு நொடி. வழக்கமான ஒரு வெர்ஸ் (பாட்டின் ஒரு பத்தி) 16 பார், ஏறத்தாழ 43 நொடி. அண்மைக்கால டிராப் (ராப்பின் ஒரு வகை) பாட்டுகளில் 'தகிட, தகிட' என்று அடிக்கு மூன்றாக ஓடும் நடை அதிகம். அங்கே பாருக்கு 12 இடம் என்று எண்ண வேண்டும்.

இங்கே பலரும் வழுக்கி விழும் இடம் வேகம். டிராப்பில் ஹை-ஹாட் (டிரம் செட்டின் சிறு ஜால்ரா) தடதடவென்று ஓடுவதால் ஆப் 140 என்று காட்டும், உடம்பு 70-க்குத்தான் ஆடும். 140-ஐ நம்பி எண்ணினால் 16 பார் 32 ஆகிவிடும், இயைபுகள் எல்லாம் ஒன்று விட்டு ஒரு வரியில் வருவதுபோலத் தோன்றும். ஆப் சொல்வதை விட்டுவிட்டு ஸ்னேரை எண்ணுங்கள். இரண்டு ஸ்னேர் சேர்ந்தால் ஒரு பார்.

கேட்க மூன்று போதும். 1982-இல் வந்த 'தி மெசேஜ்' (கிராண்ட்மாஸ்டர் ஃபிளாஷ் அண்ட் தி ஃபியூரியஸ் ஃபைவ்): நிதானமான வேகம், வரி முடிவில் இயைபு, அடுத்த வரி, மறுபடி இயைபு. அடுத்து, எரிக் பி., ராகிம் இருவரின் 1987 முதல் ஆல்பம். ராகிம் இயைபை வரிக்குள்ளே கொண்டுபோனார், வாக்கியத்தை பாரின் எல்லை தாண்டி ஓடவிட்டார். மூன்றாவது, நாஸின் 1994 முதல் ஆல்பம். பல ஒலித்துண்டுகள் (சிலபிள்) கொண்ட இயைபும் கண்ணுக்கு முன் விரியும் காட்சியும் ஒன்றாக வேலை செய்வதை அதில் கேட்கலாம். இந்த வரிசையில் கேட்டால் 12 ஆண்டில் உத்தி எவ்வளவு தூரம் நகர்ந்தது என்பது யாரும் விளக்காமலே புரியும். வசைச்சொற்கள் இருக்கும், வீட்டு ஹாலில் சத்தமாகப் போட வேண்டாம்.

இரண்டாம் படி: எழுதிக் குறிப்பது

ஒரு வெர்ஸை எடுத்து உங்கள் கையால் எழுதுங்கள். இணையத்தில் கிடைக்கும் வரிகளை அப்படியே நம்பக்கூடாது. அங்கே வரி முறிவதும் பார் முடிவதும் வேறு வேறு இடம்; சொற்களே தப்பாகவும் இருக்கும். 2010-இல் யேல் பல்கலைக்கழகப் பதிப்பகம் கொண்டுவந்த பெரிய ராப் தொகுப்பிலேயே எழுத்தாக்கப் பிழைகள் மலிந்திருப்பதாக விமர்சனம் எழுந்தது. பல்கலைக்கழகத் தொகுப்புக்கே அந்த நிலை.

கட்ட நோட்டில் ஒரு வரிசை ஒரு பார், 16 கட்டம். நான்கு கட்டத்துக்கு ஒரு கோடு. முதலில் அடியில் விழும் சொற்களை மட்டும் நிரப்புங்கள், பிறகு நடுவில் உள்ளவற்றை. பாட்டை முக்கால் வேகத்துக்குக் குறைத்தால் எளிது. குரல் இல்லாத இடத்தில் புள்ளி வையுங்கள். வெற்றுக் கட்டங்கள்தான் எம்சியின் கையெழுத்து. ஒருவர் நான்காம் அடிக்கு முன் நிறுத்துவார், இன்னொருவர் அடுத்த பாருக்குள் வழிந்துபோவார்.

பிறகு நிறம். ஒரே உயிரொலி திரும்ப வரும் இடங்களுக்கு ஒரு நிறம். எழுத்தைப் பார்க்காமல் சத்தத்தைப் பார்க்க வேண்டும். ராப் இயைபில் மெய் மாறினாலும் உயிர் ஒத்துப்போனால் போதும். எட்டு பார் குறித்தபின் நோட்டைக் கொஞ்சம் தள்ளி வைத்துப் பாருங்கள். நிறம் வலது ஓரத்தில் மட்டும் நின்றால் பழைய பாணி. நடுவில் கொத்துக்கொத்தாக இருந்தால் ராகிமுக்குப் பிந்தியது.

மூன்றாம் படி: நூல்களுக்குப் போவது

மேடைக் கவிதையிலிருந்து தொடங்கலாம். நியூயார்க்கில் 1973-இல் மிகெல் அல்கரின் வீட்டுக் கூடத்தில் உருவான நியூயோரிக்கன் போயட்ஸ் கஃபே, 80-களின் நடுவில் சிகாகோவில் மார்க் ஸ்மித் தொடங்கிய ஸ்லாம் போட்டி, இரண்டும் ஹிப்-ஹாப்போடு பக்கத்துப் பக்கத்தில் வளர்ந்தவை. ஸ்லாமில் ஒரு கவிதைக்கு மூன்று நிமிடம். கூட்டத்திலிருந்து பொறுக்கியெடுத்த ஐந்து பேர் பத்துக்கு மதிப்பெண் போடுவார்கள். கூடியதையும் குறைந்ததையும் தள்ளிவிட்டு மூன்றைக் கூட்டுவார்கள். ஸ்லாம் கவிதைகளில் முதல் இருபது நொடிக்குள் ஒரு கொக்கி, கடைசியில் ஒரு வெடி, நடுவில் திரும்பத் திரும்ப வரும் ஒரு வரி இருப்பதற்கு இந்த விதியும் காரணம். அச்சில் படிக்கும்போது மிகையாகத் தோன்றினால், மேடைக் கடிகாரத்தை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

அந்த மேடைகளிலிருந்து நாவலுக்குப் போனவர்கள் உண்டு. நியூயோரிக்கன் கஃபேயில் 1990-இல் ஸ்லாம் வென்ற பால் பீட்டி 2016-இல் புக்கர் பரிசு பெற்றார். அப்பரிசு பெற்ற முதல் அமெரிக்கர் அவர். அவருடைய உரைநடையை உரக்கப் படித்தால் நையாண்டி ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கப்படும் வேகத்தில் மேடை தெரியும். ஸ்லாம் கவிஞர் எலிசபெத் அசெவெடோவின் 'தி போயட் எக்ஸ்' 2018-இல் இளையோர் பிரிவில் அமெரிக்காவின் தேசியப் புத்தக விருது பெற்றது. முழுக்கக் கவிதையில் நடக்கும் நாவல். ஹார்லெம் பெண் ஒருத்தி நோட்டில் எழுதுவதிலிருந்து மேடைக்குப் போகிறாள். தொடக்க வாசகருக்கு நாங்கள் முதலில் கையில் கொடுப்பது இதைத்தான். ஜேசன் ரெனால்ட்ஸின் 2017 கவிதை நாவல் 'லாங் வே டவுன்' ஒரு லிஃப்ட் கீழே இறங்கும் அறுபது நொடிக்குள் நடக்கிறது. நேரத்தை இப்படிப் பூட்டிவைத்துக் கதை சொல்வது, 16 பாருக்குள் ஒரு வாழ்க்கையைச் சொல்லும் பழக்கத்துக்கு நெருங்கிய உறவு.

நாடகத்தில் 'ஹாமில்டன்' (2015) என்ற அமெரிக்க இசை நாடகம். பாத்திரங்களின் அறிவுக் கூர்மையை ராப் நடையின் சிக்கலைக் கொண்டே காட்டுகிறது. எளிய இயைபில் பேசத் தொடங்கும் லாஃபயட், கதை முன்னேற முன்னேற மின்னல் வேகத்துக்குப் போவார். அடுத்த ஆண்டு நாடகத்துக்கான புலிட்சர் பரிசு அதற்குக் கிடைத்தது. 2018-இல் ராப்பர் கெண்ட்ரிக் லாமருக்குக் கிடைத்த புலிட்சர் இசைப் பிரிவில். இலக்கியப் பரிசு என்று சிலர் எழுதுவது தவறு. செவ்வியல், ஜாஸ் தாண்டி அந்த இசைப் பரிசு போனது அதுவே முதல் முறை.

படிக்கும்போது ஒரு எச்சரிக்கை. ராப்பில் வரும் 'நான்' எழுதியவரின் வாக்குமூலம் என்று எடுத்துக்கொள்ளக் கூடாது. அது வேடம், சவடால், சில நேரம் வேறொருவரின் குரல். அமெரிக்க நீதிமன்றங்களில் பாட்டு வரிகளைக் குற்றத்துக்குச் சாட்சியாகக் காட்டும் வழக்கம் இருந்ததால்தான், கலிஃபோர்னியா 2022-இல் அதைக் கட்டுப்படுத்தச் சட்டம் போட்டது. நாவலின் நாயகன் கொலை செய்தால் எழுத்தாளரைக் கைது செய்ய யாரும் கேட்பதில்லை.

நான்காம் படி: தமிழில் எழுதுவது

இங்கேதான் ஆங்கில வழிகாட்டிகள் நமக்கு உதவாது. தமிழில் வினைமுற்று வாக்கியக் கடைசியில் வரும். வந்தேன், போனேன், நின்னேன், சிரிச்சேன். இலக்கணமே இயைபைப் போட்டுக் கொடுத்துவிடுகிறது. கேட்பவர் காதுக்கு அதில் வியப்பு இல்லை. நான்கு வரி தாண்டினால் சலிக்கும். புதிதாகத் தமிழ் ராப் எழுதுபவர்களின் வரிகள் தட்டையாவதற்கு முதல் காரணம் இதுதான். வினைமுற்றை வரியின் நடுவுக்குத் தள்ளுங்கள், அல்லது எடுத்தே விடுங்கள். கடைசியில் பெயர்ச்சொல்லும் வினையெச்சமும் மோதட்டும்.

இரண்டாவது, மொழி. எழுத்துத் தமிழ் பாரில் அடங்காது. 'நின்றுகொண்டிருக்கிறவன்' எட்டு ஒலித்துண்டு, பாதி பார் போயிற்று. 'நிக்கிறவன்' நான்கு, ஓர் அடிக்குள் உட்கார்ந்துவிடும். (ஒலித்துண்டு எண்ணும்போது யாப்பின் அசைக் கணக்கைக் கொண்டுவர வேண்டாம், ஒரு நிரையசை இங்கே இரண்டாக எண்ணப்படும்.) உங்கள் வீட்டில் பேசும் வட்டார வழக்கிலேயே எழுதுங்கள். சினிமாவில் கேட்ட சென்னைத் தமிழைத் திருநெல்வேலிக்காரர் இரவல் வாங்கினால் இரண்டாவது வரியிலேயே தெரிந்துவிடும்.

மூன்றாவது, அழுத்தம். ஆங்கிலத்தில் சொல்லுக்குள் அழுத்தமான இடம் இருக்கிறது, அதை அடியில் வைப்பார்கள். தமிழில் அந்த வேலையை நெடிலும் ஒற்றும் செய்யும். எனவே விதி: ஒவ்வொரு அடியிலும் ஒரு நெடிலோ, ஒற்றடுத்த எழுத்தோ விழ வேண்டும். தனிக்குறில் அடியில் விழுந்தால் வரி நொண்டும்.

நான்கு பார், 90 வேகம், புள்ளி என்பது வெற்று இடம்:

தாம் ப ரம் · | பஸ் ஸு · த | லைக் கு மே ல | கம் பி · ·
சாம் பல் நி றச் | சட் டை · · | சில் ல றை ய | நம் பி · ·
நிக் கி ற வன் | தோ ளு மே ல | சாஞ் ச வன் · | தூக் கம் · ·
சிக் கி ன து | பா தி சீட் டு | மீ தி யெல் லாம் | ஏக் கம் · ·

ஒவ்வொரு கோட்டுக்கும் பின் வரும் முதல் துண்டை மட்டும் மேலிருந்து கீழாகப் படியுங்கள். எல்லாமே கனமானவை. 'தலைக்கு' என்பதில் 'த' அடிக்கு முன்பே வந்து, 'லைக்' அடியில் விழுகிறது. 'த'வை அடியில் வைத்துச் சொல்லிப் பாருங்கள், நொண்டுவது கேட்கும். தாம்பரம், சாம்பல் என்ற எதுகையில் வரும் 'ம்ப' ஒலி கம்பி, நம்பி என்ற இயைபிலும் திரும்புவதால், வரியின் இரண்டு முனையும் ஒன்றையொன்று பிடித்துக்கொள்கின்றன. எதுகை நம்மிடம் இருக்கும் பெரிய சொத்து. வரித் தொடக்கத்தில் ஓர் ஒத்திசை, கடைசியில் இன்னொன்று என்று இரட்டைப் பூட்டு போடலாம்.

இதில் ஒரு குறையும் இருக்கிறது. நான்கு வரியும் தனித்தனியாக முடிந்துபோகின்றன, 1982 பாணி. நான்காவது பாரை மட்டும் மாற்றுவோம்:

சிக் க லா கும் | பிரேக் கு போட் டா | மீ தி யெல் லாம் | ஏக் கம் · ·

இப்போது 'தூக்கம்' என்ற இயைபு வாக்கியத்தின் நடுவில் விழுகிறது. 'சாஞ்சவன் தூக்கம்' என்று கேட்பவர் அதோடு முடிந்தது என்று நினைக்கும்போது, 'சிக்கலாகும் பிரேக்கு போட்டா' என்று பாரின் எல்லையைத் தாண்டி வாக்கியம் வருகிறது. ராகிம் செய்தது இதைத்தான். 16 பாரில் நான்கைந்து இடத்தில் செய்தால் போதும். எல்லா வரியிலும் செய்தால் அடி எங்கே என்பதே தொலைந்துவிடும்.

வரிக்கு 10 முதல் 14 துண்டு நல்ல அளவு. 16 இடத்தையும் நிரப்பினால் மூச்சு விட இடமில்லாமல் ஆறாவது பாரில் குரல் உடையும். மேலே ஒவ்வொரு வரியிலும் கடைசி இரண்டு கட்டம் வெறுமையாக இருப்பது அதற்காகத்தான். மூன்றில் ஒரு பங்கு நொடி, ஒரு சின்ன மூச்சுக்குக் காணும்.

எழுதியதும் பீட்டோடு பதிவு செய்யுங்கள், பிறகு பீட்டை நிறுத்திவிட்டு வெறுமனே படித்துப் பதிவு செய்யுங்கள். இரண்டாவதிலும் தாளம் கேட்டால் அது பக்கத்தில் நிற்கும், கவிதையாகலாம். பீட் இல்லாமல் விழுந்துவிட்டால் அது பாட்டுக்கான வரி. அதிலும் தப்பில்லை, கவிதை என்று பத்திரிகைக்கு மட்டும் அனுப்ப வேண்டாம்.

சாம்பிளிங்: எடுப்பதும் அனுமதியும்

எழுத்தில் சாம்பிள் செய்வதும் மேற்கோள் காட்டுவதும் வேறு வேறு. எடுத்த துண்டை வெட்ட வேண்டும், திருப்பிப் போட வேண்டும், அதன் பழைய பொருளோடு புதுப் பொருள் உரச வேண்டும். யோகி பி அண்ட் நட்சத்ராவின் 2006 'வல்லவன்' ஆல்பத்தில், 1980-இல் 'நிழல்கள்' படத்துக்காக வந்த 'மடை திறந்து' பாட்டை எடுத்தாண்ட விதம் நல்ல பாடம்: தெரிந்த மெட்டு கொக்கியாகிறது, அதன் நடுவில் மலேசியத் தமிழ் இளைஞர்களின் குரல் நுழைகிறது. 2018-இல் சென்னையில் மேடையேறிய தி காஸ்ட்லெஸ் கலெக்டிவ் கானாவையும் ராப்பையும் ஒரே மேடையில் வைத்தது. அங்கே எடுத்தாளப்பட்டது ஒரு வட்டாரத்தின் இசை மரபே.

பயிற்சிக்குக் குறள் பொருத்தமானது. முதலடி நாற்சீர், இரண்டாமடி முச்சீர். சீருக்கு ஒரு தாள அடி என்று வைத்தால் முதல் பார் நிரம்பும், இரண்டாம் பாரின் நான்காம் அடி காலியாக நிற்கும். உங்கள் பதில் அந்தக் காலி அடியில் தொடங்கட்டும்.

அனுமதி விஷயத்தில் விளையாட வேண்டாம். 1991 டிசம்பரில் நியூயார்க் நீதிமன்றம் ராப்பர் பிஸ் மார்க்கி வழக்கில் அனுமதியில்லாத சாம்பிளுக்கு எதிராகத் தீர்ப்பளித்தபின், ஒரே பாட்டில் கணக்கின்றித் துண்டுகளை அடுக்கும் பாணி கட்டுப்படியாகாமல் போயிற்று. அச்சிலும் அதே கதைதான். நாவலின் அத்தியாயத் தலைப்பில் ஒரு பாட்டின் இரண்டு வரியைப் போட்டால், உரிமையாளரிடம் எழுத்தில் அனுமதி வாங்கிவரச் சொல்லிப் பதிப்பாளர் கேட்கலாம். விமர்சனக் கட்டுரையில் தேவையான அளவு மேற்கோள் காட்ட இந்தியச் சட்டம் இடம் தருகிறது. புனைவில் அலங்காரமாகப் போடுவதற்கு அந்தச் சலுகையை நம்ப முடியாது. பாட்டின் பெயரைக் குறிப்பிட அனுமதி வேண்டாம். இந்தியாவில் எழுதியவர் இறந்து 60 ஆண்டு தாண்டிய எழுத்துகளை யாரும் எடுத்தாளலாம். சங்கப் பாடலும் சித்தர் பாடலும் முழுக்கத் திறந்தே கிடக்கின்றன.

இன்னும் சில தவறுகள்

கறுப்பர்கள் தங்களுக்குள் புழங்கும், ஆங்கிலத்தில் 'என்-வேர்டு' என்று சுட்டப்படும் அந்த ஒரு சொல்லை எந்தக் காரணத்துக்கும் உங்கள் வரியில் வைக்காதீர்கள். துப்பாக்கி, காடிலாக் கார், 'தெரு' என்று பிராங்க்ஸின் பொருட்களை இறக்குமதி செய்வதும் வேண்டாம். பிராங்க்ஸ்காரர்கள் தங்கள் பேருந்து, தங்கள் மாடிப்படி, தங்கள் வாடகைப் பாக்கி பற்றித்தான் எழுதினார்கள். பஞ்ச்லைனுக்காக மூன்று வரியை வீணடிப்பது இன்னொன்று: நான்காவது வரி கைதட்டல் வாங்கும், முதல் மூன்றும் காற்றில் போகும். பஞ்ச்லைனை முதலில் எழுதி, அதற்குத் தேவையான தகவலைப் பின்னோக்கி மூன்று வரியில் நிரப்புங்கள்.

பக்கத்தில் அமைக்கும்போது ஒரு பார் ஒரு வரி என்று வைத்தால் தாளம் தெரியும். வாக்கியப்படி முறித்தால் பொருள் முன்னுக்கு வரும். இரண்டையும் அச்சடித்து, எழுதியதைக் கேட்டிராத ஒருவரை உரக்கப் படிக்கச் சொல்லுங்கள். அவர் திணறும் இடத்தில் வரியை மாற்றுங்கள், விளக்கக் குறிப்பு போடாதீர்கள். போன் திரையில் 12 துண்டுக்கு மேல் போகும் வரி தானாக மடிந்து அடியைக் குலைத்துவிடும். அங்கே வெளியிடுவதாக இருந்தால் எழுத்தளவைக் குறையுங்கள், அல்லது இரண்டாம் அடிக்குப் பின் நீங்களே முறித்து, அடுத்த துண்டை நான்கு இடம் உள்ளே தள்ளி வையுங்கள்.